மேடிசன்: ஒரு தாயின் பெயர் ஒளிந்திருக்கும் பெண் பெயர்

கேள்வி இது: “ஆங்கிலம் பேசும் நாடுகளில் பெண் குழந்தைகளுக்கு மேடிசன் என்ற பெயரை நிறையச் சூட்டுகிறார்கள். பெயர்ப் பட்டியல்களைப் புரட்டினால் ஒன்றில் ‘வலிமைமிக்க வீரனின் மகன்’ என்று இருக்கிறது, இன்னொன்றில் ‘கடவுளின் கொடை’ என்று இருக்கிறது, வேறொன்றில் ‘மாட் என்பவரின் மகன்’ என்று மட்டும் இருக்கிறது. எது சரி? மகன் என்று பொருள்படும் சொல் எப்படிப் பெண்ணின் பெயரானது?”

மூன்றில் கடைசியாகச் சொன்னதுதான் உண்மைக்கு மிக அருகில் நிற்கிறது. அதில் விடுபட்டிருப்பது ஒன்றே ஒன்று. அந்த ‘மாட்’ ஒரு பெண். அதாவது இந்தப் பெயரின் பிற்பகுதியில் மகன் இருப்பது உண்மைதான், ஆனால் முற்பகுதியில் இருப்பவர் அவனுடைய தாய். இதைப் பட்டியல்கள் மறைப்பதுதான் எனக்கு மிகுந்த வருத்தம் தருகிறது. ‘வலிமைமிக்க வீரனின் மகன்’ என்று எழுதியவர் அந்தத் தாயை ஒரு ஆண் வீரனாக மாற்றிவிட்டார். ஆகவே இதைக் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன்.

மேடிசன் முதலில் குடும்பப் பெயர். ஆங்கிலேயர்களுக்கு நெடுங்காலம் குடும்பப் பெயர் என்ற ஒன்றே கிடையாது. 1066இல் நார்மானியர்கள் இங்கிலாந்தைப் பிடித்த பிறகு, ஜான், வில்லியம், ராபர்ட் போன்ற சில பெயர்களே ஊரெங்கும் பெருகின. ஒரே கிராமத்தில் பல ஜான்கள் இருந்தால் வரி வசூலிக்க வந்தவர் யாரை எப்படிக் குறிப்பது? தொழிலையோ ஊரையோ உடல் அடையாளத்தையோ சேர்த்து எழுதினார்கள். பெற்றவரின் பெயரோடு ‘சன்’ சேர்ப்பது இன்னொரு வழி. ஜானின் மகன் ஜான்சன், ராபினின் மகன் ராபின்சன். இந்த வழக்கம் இங்கிலாந்தின் வடக்கிலும் வடகிழக்கிலும்தான் மிகுதி. ஸ்காண்டிநேவியர்கள் குடியேறிய பகுதிகள் அவை. நமக்கு இது அந்நியமான முறை அல்ல. சங்கப் பாடல்களின் அடியில் ‘மதுரைக் கணக்காயனார் மகனார் நக்கீரனார்’ என்று புலவர் பெயர் குறிக்கப்பட்டிருப்பதைப் படித்தவர்களுக்கு ராபின்சன் உடனே விளங்கிவிடும். வேறுபாடு என்னவென்றால், நக்கீரரின் பேரன் ‘கணக்காயனார் மகனார்’ ஆக மாட்டார். இங்கிலாந்திலோ ஏறக்குறைய 1400ஆம் ஆண்டு வாக்கில் இந்த ஒட்டுகள் உறைந்துபோய், பேரனுக்கும் கொள்ளுப்பேத்திக்கும் அதே ஒட்டு தொடர்ந்தது. அப்போதே ‘மகன்’ என்ற சொல் தன் நேர்ப்பொருளை இழக்கத் தொடங்கிவிட்டது. ராபின்சன் என்ற குடும்பத்தில் பிறந்த பெண்ணும் ராபின்சன்தானே.

ஐஸ்லாந்தில் இந்த உறைதல் நடக்கவில்லை. அங்கே இன்றும் மகனுக்கு ‘சன்’, மகளுக்கு ‘டோட்டிர்’ என்று தலைமுறைதோறும் புதிதாக ஒட்டுகிறார்கள். ஜோன் என்பவரின் மகன் ஜோன்சன், மகள் ஜோன்ஸ்டோட்டிர். அந்த மொழி பேசுபவரின் காதில் ‘சன்’ என்பது இன்னும் உயிருள்ள சொல். ஆங்கிலேயரின் காதில் அது வெறும் ஓசை. பெண்ணுக்கு மேடிசன் என்று பெயர் வைக்க முடிந்ததற்கு அடிப்படைக் காரணம் இதுவே.

இனி முற்பகுதி. ஆங்கிலக் குடும்பப் பெயர்களை ஆராய்ந்தவர்கள் இதை ‘மேட்’ என்ற பெண்ணின் செல்லப் பெயரோடு பொருத்துகிறார்கள். மாட் அல்லது மேக்டலின் என்ற முழுப்பெயரின் சுருக்கம் அது. மாட் என்பது மட்டில்டா என்ற பெயரின் பேச்சு வடிவம். பிரெஞ்சு நாவில் மட்டில்டாவின் நடு ஓசைகள் தேய்ந்து மாஹோ ஆகி, ஆங்கிலத்தில் மாட் என்று நின்றது. எழுத்தர்கள் லத்தீனில் பதிவு செய்யும்போது மட்டில்டா என்று முழுதாக எழுதினார்கள். வீட்டிலும் வயலிலும் சந்தையிலும் மாட்தான். ஆவணத்தில் மட்டில்டா என்று இருக்கும் பெண்ணின் மகனுக்கு அந்த வடிவத்திலிருந்து குடும்பப் பெயர் வராமல் மேடிசன் வந்ததற்கு இதுதான் காரணம். மக்கள் அழைத்த பெயரிலிருந்து வந்தது அது.

மட்டில்டா பழைய ஜெர்மானியப் பெயர். முன்பாதி ‘வலிமை’, பின்பாதி ‘போர்’. அக்கால ஜெர்மானியப் பெயர்கள் இப்படி இரண்டு சொற்களை இணைத்தே பிறந்தன. இணைத்த பின் முழுமையான ஒரு பொருள் வந்தாக வேண்டும் என்ற கட்டாயம் இல்லை. தந்தையின் பெயரில் ஒரு பாதி, தாயின் பெயரில் ஒரு பாதி என்று எடுத்து மகளுக்குச் சூட்டுவதும் உண்டு. எனவே ‘வலிமை, போர்’ என்று சொல்லி நிறுத்துவதே நேர்மை. அதை ‘வலிமைமிக்க வீரன்’ என்று வளர்த்து, பிறகு வீரனை ஆணாக்கி, அதற்குப் பிறகு மகனைச் சேர்த்து எழுதும்போது, தொடக்கத்தில் நின்ற பெண் காணாமல் போகிறாள்.

அந்தப் பெண் எப்படிப்பட்ட பெயரைத் தாங்கியவள் என்பதைத் தெரிந்துகொள்ள இங்கிலாந்தின் பன்னிரண்டாம் நூற்றாண்டைப் பார்க்க வேண்டும். இங்கிலாந்தை வென்ற வில்லியமின் மனைவி பெயர் மட்டில்டா. அவர் மகன் முதலாம் ஹென்றி மணந்த ஸ்காட்லாந்து இளவரசிக்குப் பிறப்பில் ஈடித் என்று பெயர். அரசியானபோது அவரும் மட்டில்டா ஆனார். அவர்களுக்குப் பிறந்த மகளும் மட்டில்டா. இவர் சிறுவயதிலேயே புனித ரோமானியப் பேரரசர் ஐந்தாம் ஹென்றிக்கு மணமுடிக்கப்பட்டதால் வரலாற்றில் பேரரசி மட்டில்டா என்றும் பேரரசி மாட் என்றும் அறியப்படுகிறார்.

1135இல் முதலாம் ஹென்றி இறந்ததும், மகளுக்கே ஆட்சி என்று பிரபுக்களிடம் அவர் வாங்கியிருந்த சத்தியம் காற்றில் போனது. உறவினர் ஸ்டீபன் முந்திக்கொண்டு முடிசூடினார். ஏறக்குறைய இருபது ஆண்டு உள்நாட்டுப் போர் மூண்டது. ஸ்டீபனின் மனைவி பெயரும் மட்டில்டா. 1141இல் ஸ்டீபன் சிறைப்பட்டபோது, பேரரசி மட்டில்டா லண்டனுக்குள் வந்து முடிசூடக் காத்திருந்தார். அவரை அங்கிருந்து விரட்டப் படையோடு வந்தவர் ஸ்டீபனின் அரசி மட்டில்டா. இரு பக்கமும் போரை நடத்தியவர்கள் மாட் என்ற பெயருடைய பெண்கள்.

அடுத்த ஆண்டுக் குளிர்காலத்தில், அதற்குள் விடுதலையாகியிருந்த ஸ்டீபன், பேரரசியை ஆக்ஸ்போர்டு கோட்டையில் முற்றுகையிட்டார். உணவு தீர்ந்துகொண்டிருந்தது. வெளியே பனி மூடியிருந்தது, ஆறு உறைந்திருந்தது. டிசம்பரின் ஓர் இரவில் நம்பிக்கையான சில வீரர்களோடு பனியில் கண்ணுக்குத் தெரியாதபடி வெள்ளை உடை அணிந்து, காவல் வரிசைகளுக்கு நடுவே நடந்து, தப்பிப் போனார். அவர் முடிசூடவே இல்லை. ஆனால் அவர் மகன் இரண்டாம் ஹென்றியாக அரியணை ஏறினான்.

1167இல் பிரான்சில் ரூவான் நகரில் அவர் இறந்தார். கல்லறையில் பொறித்த லத்தீன் வரிகளின் சாரம்: பிறப்பால் பெரியவள், மணத்தால் அதனினும் பெரியவள், பிள்ளையால் எல்லாவற்றினும் பெரியவள்; ஹென்றியின் மகளும் ஹென்றியின் மனைவியும் ஹென்றியின் தாயும் இங்கே துயில்கிறாள். தந்தை, கணவன், மகன் மூவரும் ஹென்றி. இவ்வளவு பெரிய பெண்ணைக்கூட ஆண்களின் உறவைச் சொல்லித்தான் அடையாளம் காட்டியிருக்கிறார்கள். மேடிசன் என்ற குடும்பப் பெயரோ இதற்கு நேர் எதிர்த் திசையில் பிறந்தது. அங்கே ஒருவன் தாயைச் சொல்லி அறியப்பட்டான். பெயர் வரலாற்றில் நான் மிகவும் விரும்பும் செய்தி இது.

தாயின் பெயரால் மகன் அறியப்பட்டால் அவன் மண உறவுக்கு வெளியே பிறந்தவன் என்று பலர் எண்ணுகிறார்கள். அப்படியும் சில நேரம் இருக்கலாம். ஆனால் பல பெண்கள் இளம் விதவைகளாக நின்று குடும்பத்தை நடத்தினார்கள். சிலருக்குத் தம் பெயரில் நிலம் இருந்தது. சிலர் ஊரில் கணவனைவிட நன்கு அறியப்பட்டவர்கள். ஆங்கிலத்தில் இத்தகைய பெயர்கள் இன்றும் ஏராளம். மெக் என்ற மார்கரெட்டிலிருந்து மெக்சன், மேரியின் செல்லப் பெயர்களிலிருந்து மேரியட்டும் மாலின்சனும், மட்டில்டாவின் இன்னொரு செல்லப் பெயரான டில்லட்டிலிருந்து டில்லட்சன். மேடிசனும் டில்லட்சனும் இந்த வழியில் ஒரே வேரின் இரண்டு கிளைகள்.

மேக்டலின் வழியையும் சொல்லிவிடுகிறேன். தமிழ் விவிலியத்தில் மகதலேனா மரியாள் என்று படிக்கிறோமே, அந்த மகதலேனாதான் இது. கலிலேயக் கடலோரம் இருந்த மகதலா என்ற ஊரைச் சேர்ந்தவள் என்று பொருள். ஊர்ப் பெயரின் வேர்ச்சொல்லுக்குக் கோபுரம் என்று பொருள். இடைக்கால ஆங்கிலத்தில் இந்தப் பெயரை ‘மாட்லின்’ என்று உச்சரித்தார்கள். ஆக்ஸ்போர்டிலும் கேம்பிரிட்ஜிலும் இந்தப் பெயரில் உள்ள கல்லூரிகளை இன்றைக்கும் மாட்லின் என்றுதான் சொல்கிறார்கள். எழுத்தைப் பார்த்து மேக்டலின் என்று உச்சரிப்பவர் வெளியூர்க்காரர் என்று அங்கே உடனே தெரிந்துவிடும். மாட், மாட்லின் இரண்டும் ஓசையில் இவ்வளவு நெருங்கியிருந்ததால், செல்லப் பெயர் ஒன்றாகிப் போனதில் வியப்பில்லை.

‘கடவுளின் கொடை’ மத்தேயுவிலிருந்து வருகிறது. மத்தேயு என்ற எபிரேயப் பெயரின் பொருள் அது. மத்தேயுவின் மகன் என்ற மாத்திசன் வகைப் பெயர்கள் ஒலி மாறி மேடிசனோடு கலந்திருக்கலாம் என்று ஒரு கருத்து உண்டு. பட்டியல் எழுதுபவர்கள் இதைப் பற்றிக்கொள்வதற்குக் காரணம் எளிது. பிள்ளை பெற்றவர்களுக்குக் கேட்க இனிமையான பொருள் அது. ஆனால் பெயர் அகராதிகள் முதலில் நிறுத்துவது அந்தப் பெண்ணின் செல்லப் பெயரைத்தான். நானும் அந்தப் பக்கமே.

இங்கிலாந்தில் சாதாரணக் குடும்பப் பெயராகவே இது இருந்திருக்கும். அமெரிக்காவில்தான் அதற்கு வேறு வாழ்வு கிடைத்தது. பதினேழாம் நூற்றாண்டில் வர்ஜீனியாவுக்குக் குடிபெயர்ந்த கப்பல் தச்சர் ஒருவரின் வழியில் வந்தவர் ஜேம்ஸ் மேடிசன். அமெரிக்க அரசியல் சட்டத்தின் தந்தை என்று போற்றப்படுபவர், உரிமைகள் சாசனத்தை வரைந்தவர், 1809 முதல் 1817 வரை நாட்டின் நான்காவது குடியரசுத் தலைவர். அவருக்குச் சொந்தப் பிள்ளைகள் இல்லை. மனைவி டாலியின் முதல் மணத்தில் பிறந்த மகன் ஒருவன் மட்டுமே வீட்டில் வளர்ந்தான். ஆகவே இந்தப் பெயர் அவர் வாரிசுகள் மூலம் பரவவில்லை. ஊர்களும் தெருக்களும் சதுக்கங்களும் அதைச் சுமந்தன. 1836இல் அவர் இறந்த அதே ஆண்டில் விஸ்கான்சினில் ஒரு நகரத்துக்குத் திட்டம் போட்டு அவர் பெயரை வைத்தார்கள். அங்கே தெருக்களுக்கு வைத்ததோ அரசியல் சட்டத்தில் கையெழுத்திட்டவர்களின் பெயர்கள்.

தலைவர்களின் குடும்பப் பெயரை ஆண் பிள்ளைகளுக்கு முதற்பெயராக வைப்பது பத்தொன்பதாம் நூற்றாண்டு அமெரிக்காவில் வழக்கம். ஜெபர்சன், ஜாக்சன், வாஷிங்டன் போலவே மேடிசனும். அதில் இரண்டு பேரைச் சொல்லாமல் போக மனம் வரவில்லை.

ஒருவர் மேடிசன் ஹெமிங்ஸ். தாமஸ் ஜெபர்சனின் மான்டிசெல்லோ பண்ணையில் அடிமையாக இருந்த சாலி ஹெமிங்ஸின் மகன். 1805இல் பிறந்தவர். ஜெபர்சனே தன் தந்தை என்று 1873இல் வெளிவந்த தன் வாழ்க்கைக் குறிப்பில் சொன்னார். பெயர் வந்த கதையும் அதில் இருக்கிறது. அவர் பிறந்தபோது டாலி மேடிசன் அங்கே விருந்தாளியாக வந்திருந்தாராம். குழந்தைக்குத் தானே பெயர் சூட்டுவதாகவும், பதிலுக்குத் தாய்க்கு நல்ல பரிசு ஒன்று தருவதாகவும் கேட்டாராம். பெயர் வைத்தாயிற்று, பரிசு வரவே இல்லை. அறுபதைத் தாண்டிய வயதிலும் அந்த மனிதர் இதை நினைவில் வைத்துச் சொல்லியிருக்கிறார். ஒரு பெயரை யார் வைக்கிறார்கள், யாருடைய உரிமை அது என்ற கேள்வி இந்தச் சிறு நிகழ்வில் முழுதாக இருக்கிறது.

மற்றவர் மேடிசன் வாஷிங்டன். இரண்டு குடியரசுத் தலைவர்களின் பெயரைத் தாங்கிய அடிமை. 1841 நவம்பரில் வர்ஜீனியாவிலிருந்து நியூ ஆர்லியன்ஸ் அடிமைச் சந்தைக்குப் போய்க்கொண்டிருந்த கிரியோல் என்ற கப்பலில் கிளர்ச்சியை நடத்தி, கப்பலைப் பிரிட்டிஷ் ஆட்சியிலிருந்த பஹாமாசின் நாசாவ் துறைமுகத்துக்குத் திருப்பச் செய்தவர். அங்கே அடிமை முறை ஒழிக்கப்பட்டிருந்ததால் கப்பலில் இருந்தவர்கள் விடுதலை பெற்றார்கள். உரிமைகள் சாசனத்தை எழுதிய ஜேம்ஸ் மேடிசன் சாகும்வரை அடிமைகளை வைத்திருந்தார் என்பதையும் சேர்த்துப் பார்த்தால், அந்தப் பெயருக்கு உரிய பெருமையை எனக்குத் தெரிந்து இந்த மேடிசனே கூடுதலாகச் சம்பாதித்தார்.

இவர்கள் ஆண்கள். பெண் பெயராவதற்கு நியூயார்க்கின் ஒரு தெரு வேண்டியிருந்தது. மன்ஹாட்டனில் குடியரசுத் தலைவரின் நினைவாக மேடிசன் சதுக்கம் என்று ஓர் இடம் இருந்தது. அதையொட்டி 23ஆம் தெருவிலிருந்து வடக்கே போகும் சாலை மேடிசன் அவென்யூ. 1811இல் நகருக்குப் போட்ட சதுரக்கட்டத் திட்டத்தில் இந்தச் சாலை இல்லை. ஐந்தாவது அவென்யூவுக்கும் நான்காவதுக்கும் இடையே நிலம் அகலமாகக் கிடக்கிறதே என்று சாமுவேல் ரகிள்ஸ் என்ற வழக்கறிஞரும் நில வணிகருமானவர் முயன்று 1836 வாக்கில் இடையில் செருகியது. நம் பத்திரிகைகளில் அடிக்கடி அடிபடும் மேடிசன் ஸ்கொயர் கார்டன் அரங்கமும் முதலில் அந்தச் சதுக்கத்தின் ஓரத்தில் இருந்ததால்தான் அந்தப் பெயர். 1971இல் ரவிசங்கரும் ஜார்ஜ் ஹாரிசனும் வங்கதேச அகதிகளுக்காக நிதி திரட்டிய இசை நிகழ்ச்சி நடந்தது அதே பெயரில், ஆனால் வேறு இடத்தில் உள்ள இன்றைய கட்டடத்தில்.

1984இல் ‘ஸ்பிளாஷ்’ என்ற படம் வந்தது. ரான் ஹாவர்ட் இயக்கியது. டாம் ஹாங்க்ஸ் நாயகன், டாரில் ஹன்னா கடற்கன்னி. கடலிலிருந்து நியூயார்க்குக்கு வந்த அவளிடம் அவன் பெயரைக் கேட்கிறான். தன் மொழியில் சொல்கிறாள். அந்த ஒலியின் கூர்மையில் கடையிலுள்ள தொலைக்காட்சித் திரைகள் உடைந்து சிதறுகின்றன. சரி, உனக்கு ஓர் ஆங்கிலப் பெயர் தேடலாம் என்று தெருவில் நடந்துகொண்டே ஜெனிபர், லிண்டா, கிம் என்று சொல்லிக்கொண்டு போகிறான். நடுவில் எங்கே வந்திருக்கிறோம் என்று தெருப் பலகையைப் பார்த்து ‘மேடிசன்’ என்கிறான். அவளுக்கு அது பிடித்துவிடுகிறது. அது பெயரே அல்லவே என்று தயங்கி, பிறகு ஒப்புக்கொண்டு, நல்லவேளை 149ஆம் தெருவில் நிற்கவில்லை என்கிறான்.

திரையரங்கில் எல்லாரும் சிரித்தார்கள் என்றால், 1984இல் ஒரு பெண்ணுக்கு மேடிசன் என்று பெயர் இருக்க முடியாது என்பது அவர்களுக்கு அவ்வளவு தெளிவாகத் தெரிந்திருந்தது. ஆனால் அமெரிக்கச் சமூகப் பாதுகாப்புத் துறை ஆண்டுதோறும் வெளியிடும் முதல் ஆயிரம் பெண் பெயர்களின் பட்டியலில் மறு ஆண்டே, 1985இல், மேடிசன் முதன்முதலாக இடம்பெற்றது. 1997இல் பத்தாவது இடம். 2001இலும் 2002இலும் எமிலிக்கு அடுத்தபடியாக நாடு முழுவதிலும் இரண்டாவது இடம். அந்த இரண்டு ஆண்டுகளில் ஒவ்வோர் ஆண்டும் இருபதாயிரத்துக்கும் மேற்பட்ட பெண் குழந்தைகள் மேடிசன் ஆனார்கள்.

அப்படியானால் எல்லாம் படத்தின் வேலையா? தொடங்கிவைத்தது படம். அதில் ஐயம் இல்லை. ஆனால் ஒரு படத்தின் சூடு ஓரிரண்டு ஆண்டில் ஆறிவிடும். உச்சத்தைத் தொட்டதோ பதினேழு ஆண்டுகள் கழித்து. அந்தப் பெற்றோரில் பலர் தெருப் பலகைக் காட்சியை நினைத்திருக்கவே மாட்டார்கள். மண் பதமாக இருந்ததால்தான் விதை முளைத்தது. அந்தப் பதம் என்ன என்பதைத்தான் கவனிக்க வேண்டும்.

முதலில் ஓசை. ‘சன்’ என்று முடியும் பெண் பெயர் ஆங்கிலத்துக்குப் புதியது அல்ல. ஆலிசன் அறுநூறு ஆண்டுகளுக்கும் மேலாக இருக்கிறது. பதினான்காம் நூற்றாண்டில் சாசர் எழுதிய கேன்டர்பரிக் கதைகளில் ஐந்து முறை மணம் செய்த பாத் நகரத்துப் பெண்ணின் பெயர் ஆலிசன். அதில் உள்ள ‘சன்’ மகன் அல்ல. ஆலிஸ் என்ற பெயரோடு பிரெஞ்சு செல்ல விகுதி ‘ஆன்’ சேர்ந்தது. ஆனால் காது இலக்கணம் பார்ப்பதில்லை. ஆலிசன் பெண் பெயர் என்று பழகிய காதுக்கு மேடிசனும் இயல்பாக ஒலித்தது. கூடவே மேடலின் என்ற பெயரும் அதே ஆண்டுகளில் மீண்டும் செல்வாக்குப் பெற்றுக்கொண்டிருந்தது. முன்பாதி மேடலினைப் போலவும் பின்பாதி ஆலிசனைப் போலவும் இருக்கும் ஒரு பெயர் விரும்பப்படாமல் போனால்தான் வியப்பு.

இரண்டாவது, குடும்பப் பெயரை முதற்பெயராக்கும் பழைய வழக்கம். பதினாறாம் நூற்றாண்டிலேயே இங்கிலாந்தில் பிரபுக்கள் தாய்வீட்டுக் குடும்பப் பெயரை மகனுக்கு வைத்தார்கள். ஒன்பது நாள் அரசி என்று அறியப்படும் ஜேன் கிரேயின் கணவர் கில்ட்போர்டு டட்லி. கில்ட்போர்டு அவருடைய தாயின் பிறந்தவீட்டுப் பெயர். இதிலும் ஒரு தாய் ஒளிந்திருக்கிறார், பாருங்கள். பெண்களுக்கு இந்த வழி திறந்தது பின்னால். 1849இல் சார்லட் பிராண்டே ‘ஷெர்லி’ என்ற நாவலை வெளியிட்டார். யார்க்‌ஷையரில் நடக்கும் கதை. மகன் வேண்டும் என்று காத்திருந்த பெற்றோர், பிறந்தது மகள் என்றதும் மகனுக்கு வைத்திருந்த குடும்பப் பெயரையே அவளுக்கு வைத்தார்கள் என்று நாவலே சொல்கிறது. அன்று வாசகர்களுக்கு அது வினோதமான பெயர். ‘ஒளி நிறைந்த காட்டு வெளி’ என்ற பொருளில் பழைய ஆங்கிலத்தில் பிறந்த ஊர்ப் பெயர் அது. பிறகு 1930களில் குழந்தை நட்சத்திரம் ஷெர்லி டெம்பிளின் புகழால் அமெரிக்காவெங்கும் ஷெர்லிகள் பிறந்தார்கள். அந்தப் பெயர் நாகர்கோவில், பாளையங்கோட்டைக் கிறிஸ்தவக் குடும்பங்கள்வரை வந்து சேர்ந்தது. நம்மில் யாராவது ஷெர்லி என்ற பெயரைக் கேட்டு ஆண் என்று நினைப்போமா? ஆஷ்லியும் அப்படித்தான். ஆண் பெயராக இருந்து, 1991இலும் 1992இலும் அமெரிக்கப் பெண் பெயர்களில் முதலிடம் பிடித்தது.

இந்தப் பயணம் ஒருவழிப் பாதை. ஆண்களிடமிருந்து பெண்களுக்குப் போன பெயர் திரும்பி வருவது அரிது. பெண்ணுக்கு ஆண் பெயர் வைத்தால் அது துணிச்சல், மிடுக்கு. ஆணுக்குப் பெண் பெயர் என்று தோன்றிவிட்டால் பெற்றோர் உடனே கைவிட்டுவிடுகிறார்கள். இதில் தெரிவது பெயரின் குணம் அல்ல, பெண்மையைத் தாழ்வாக நினைக்கும் மனம். எந்த நாட்டுக்கும் இது பொருந்தும்.

மேடிசனைத் தொடர்ந்து அதே வாசல் வழியாக இன்னும் சில வந்தன. ஆடிசன் என்றால் ஆடமின் மகன். எமர்சன் என்றால் எமெரியின் மகன். மெக்கன்சியில் முன்னால் நிற்கும் ‘மேக்’ என்பதற்கு ஸ்காட்லாந்தின் கேலிக் மொழியில் மகன் என்றே பொருள், கென்னத்தின் கேலிக் வடிவமான கோயின்யக் என்பவரின் மகன். மெக்கன்சி என்றதும் தென்னிந்திய வரலாறு படித்தவர்களுக்குச் சுவடிகள் திரட்டிய கர்னல் காலின் மெக்கன்சிதான் நினைவுக்கு வருவார். அவர் திரட்டியவற்றில் ஒரு பகுதி சென்னை கீழ்த்திசைச் சுவடி நூலகத்தில் இருக்கிறது. அந்தக் குடும்பப் பெயர் இன்று ஆயிரக்கணக்கான அமெரிக்கச் சிறுமிகளின் முதற்பெயர்.

மேடிசன் எந்தத் தலைமுறையின் பெயர் என்பதை விளையாட்டு உலகம் நன்றாகக் காட்டும். 2022 பெய்ஜிங் குளிர்கால ஒலிம்பிக்கில் அமெரிக்காவின் பனி நடன வீராங்கனைகளில் இருவர் மேடிசன் ஹபெல், மேடிசன் சாக். முன்னவர் 1991இல் பிறந்தவர், பின்னவர் 1992இல். இருவரும் பயிற்சி பெற்றது மான்ட்ரியாலில் ஒரே பயிற்சிக் கூடத்தில். டென்னிஸில் 2025 ஆஸ்திரேலிய ஓப்பன் பட்டம் வென்ற மேடிசன் கீஸ் 1995இல் பிறந்தவர். படம் வருவதற்கு முன்பு பிறந்த மேடிசன் என்ற பெண்ணைத் தேடிக் கண்டுபிடிப்பது கடினம். இப்போது பெயரின் வேகம் சற்றுத் தணிந்திருக்கிறது. முதல் பத்து இடங்களிலிருந்து இறங்கிவிட்டது. இன்னும் முப்பது ஆண்டில் அது அம்மாக்களின் பெயராகவும், பிறகு பாட்டிகளின் பெயராகவும் ஆகும், இன்று ஷெர்லி ஆனதைப் போல.

நான் மிகவும் மகிழ்ந்து கவனிக்கும் ஒன்று உண்டு. இந்தப் பெண்களை வீட்டில் யாரும் மேடிசன் என்று முழுதாக அழைப்பதில்லை. மேடி என்கிறார்கள். எழுநூறு ஆண்டுகளுக்கு முன் ஏதோ ஒரு வடக்கு ஆங்கிலக் கிராமத்தில் மாட் என்ற பெண்ணை அவள் வீட்டார் அழைத்த செல்லப் பெயரும் ஏறக்குறைய இதுதான். இடையில் மகனுக்கு ஒட்டாகி, குடும்பத்துக்குப் பெயராகி, தலைவருக்கும் அடிமைக்கும் நகரத்துக்கும் தெருவுக்கும் பெயராகி, கடைசியில் யாருமே திட்டமிடாமல் ஒரு பெண்ணின் செல்லப் பெயராகவே திரும்பியிருக்கிறது.

ஆகவே, பொருள் என்ன என்று யாராவது கேட்டால் ‘மாட் என்ற தாயின் மகன் என்று தொடங்கிய குடும்பப் பெயர், இன்று பெண் பெயர்’ என்று சொல்லுங்கள். ‘வீரனின் மகன்’ வேண்டாம். ‘கடவுளின் கொடை’ வேண்டுமென்றால் மத்தேயு வழிப் பெயர்கள் வேறு இருக்கின்றன.

எழுத்தைப் பற்றியும் ஒரு சொல். அமெரிக்காவில் ஒரு ‘டி’ போட்டு எழுதுவதே பெருவழக்கு. பிரிட்டனிலும் ஆஸ்திரேலியாவிலும் இரண்டு ‘டி’ போட்டும் எழுதுகிறார்கள், குடும்பப் பெயரிலும் அந்த வடிவம் பழையதே. இவை போக, கடைசியில் மகனைக் குறிக்கும் மூன்றெழுத்துக்குப் பதில் ‘எஸ், ஒய், என்’ என்று எழுதும் புது வடிவமும் பரவியிருக்கிறது. மகன் என்ற சொல் கண்ணில் படக் கூடாது என்று சில பெற்றோர் செய்யும் ஏற்பாடு அது. எனக்கு அதில் உடன்பாடு இல்லை. அந்த மகனை மறைத்தால் அவனுக்குப் பெயர் தந்த தாயும் மறைகிறாள். பழைய எழுத்தையே வைத்துக்கொள்ளுங்கள்.